படத்திற்கும் ஸனது வேண்டும்



நம் பிள்ளைகள் இன்று அறிவியலைப் பெரிதும் ஆவணப்படங்களின் வழியே அறிந்துகொள்கின்றனர். கண்ணுக்கு எட்டாதவற்றைக் கணினி வரைகலை அவர்கள்முன் நிறுத்துகிறது. பயனுள்ள கலைதான். ஆயினும், திரையில் தெரிவது கருவியால் படம் பிடிக்கப்பட்டதா, கணக்கிட்டு வரையப்பட்டதா, ஊகத்தால் நிரப்பப்பட்டதா என்று கேட்கும் பழக்கம் நம் இல்லங்களில் இன்னும் வேரூன்றவில்லை.

ஹார்வர்ட் பல்கலைக்கழக மாணவர்களுக்காக 2006ஆம் ஆண்டில் உருவான ‘செல்லின் அக வாழ்வு’ என்னும் அசைவூட்டப் படத்தை எடுத்துக்கொள்வோம். அதில் கைனசின் என்னும் புரதம், தன்னைவிடப் பன்மடங்கு பெரிய சுமையை இழுத்துக்கொண்டு, ஒரு நுண்குழலின்மீது நிதானமாக அடியெடுத்து வைத்து நடக்கிறது. கைனசின் நடப்பது உண்மை; அதன் ஓர் அடி ஏறத்தாழ 8 நானோமீட்டர் என்பதும் அளந்தறியப்பட்டது. ஆனால், அந்த நிதானமும் சுற்றியுள்ள வெற்றிடமும் உண்மையல்ல. செல்லின் உட்புறம் மூலக்கூறுகளால் நெருக்கமாக நிறைந்தது. அங்கு ஒவ்வொன்றும் வெப்பத்தால் ஓயாது மோதி அலைக்கழிகிறது. பார்ப்பவருக்கு விளங்க வேண்டும் என்பதற்காகவே அந்நெரிசல் நீக்கப்பட்டது. பாடம் நடத்த அது தேவை, அதில் குற்றமில்லை. எனினும், அந்தக் காட்சியின் ஒரு துண்டை மட்டும் கைப்பேசியில் காண்பவருக்கு இதைச் சொல்வார் யாருமில்லை.

பிபிசி 1999இல் ஒளிபரப்பிய டைனோசர் தொடரிலும் இவ்வாறே. எலும்பின் அளவுக்குப் புதைபடிவம் சான்று. தோலின் நிறமும் குரலும் பெரும்பாலும் கலைஞர்களின் ஊகம். இரண்டும் ஒரே தெளிவுடன் திரையில் தோன்றுகின்றன.

ஹதீஸ் கலையைப் பயின்றவர்களுக்கு இந்தச் சிக்கல் புதிதன்று. வாசகம் எவ்வளவு அழகாயினும், அது யார் வழியாக வந்தது என்று கேளாமல் நம் அறிஞர்கள் அதை ஏற்றதில்லை. படத்திற்கும் அத்தகைய ஸனது வேண்டும்.

அதற்கு நல்ல முன்மாதிரியும் உண்டு. 2019 ஏப்ரல் 10 அன்று எம்87 விண்மீன் மண்டலத்துக் கருந்துளையின் படம் வெளியானது. அது ரேடியோ அலைகளால் பெறப்பட்டது. செம்மஞ்சள் நிறம் மனிதர் தேர்ந்தது. நான்கு குழுக்கள் ஒன்றையொன்று கலந்துகொள்ளாமல் தனித்தனியே படத்தை உருவாக்கி, பின்னரே ஒப்பிட்டன. இவற்றை வெளிப்படையாகச் சொன்னதால் அப்படத்தின் வியப்பு சிறிதும் குறையவில்லை.

வரைந்த காட்சிகளை இறைவனின் வல்லமைக்கு நேரடிச் சான்றாக பயானிலும் வாட்ஸ்அப்பிலும் காட்டுவோர் சற்று நிதானிக்க வேண்டும். நாளை கல்லூரியில் அது வரைபடம் என்று அறியும் இளைஞனின் ஐயம் படத்தோடு நிற்காது. அதைச் சான்றாகக் காட்டியவர்மீதும், அவர் சொன்ன மற்ற செய்திகள்மீதும் படரும். அவனது படைப்பை விளக்க உண்மையே போதுமானது.

எனவே பெற்றோர்களே, பிள்ளைகளுடன் அமர்ந்து பாருங்கள். “இதில் கண்டது எது, கணித்தது எது, கற்பனை எது?” என்று கேளுங்கள். விடை தெரியாவிட்டால் சேர்ந்து தேடுங்கள். படம் எடுப்போரும் காட்சியின் ஓரத்தில் ஒரு வரிக் குறிப்பு இடட்டும். பார்வையும் ஓர் அமானிதமே. அதைக் குறித்தும் நாம் விசாரிக்கப்படுவோம்.