நாவல் ஒரு நற்சான்றிதழ் அல்ல

கல்லூரியை விட்டு விலகும்போது நமக்கெல்லாம் ஒரு நற்சான்றிதழ் தருவார்கள். நன்னடத்தை உள்ளவர், கீழ்ப்படிவானவர், பாடசாலை நிகழ்வுகளில் ஆர்வத்துடன் பங்குபற்றியவர் என்றெல்லாம் அதில் எழுதியிருக்கும். பரீட்சைக்கு முதல்நாள் அழுததும், பின்வாங்கிலிருந்து சிரித்து ஏச்சு வாங்கியதும் அதில் இராது. ஒருவரை அறிந்துகொள்வதற்கான பத்திரமல்ல அது. நாவல் அதற்கு நேரெதிரானது. ஆனாலும் நம்மில் பலர் நாவல்களிடம் நற்சான்றிதழையே கேட்டுக்கொண்டிருக்கிறோம் என்பது என் எண்ணம். நானும் அப்படிக் கேட்டவள்தான்.

சென்ற வருடம் வகுப்பில் இன்றைய பிரித்தானிய நாவலாசிரியர்களைப் பற்றிப் பேச்சு வந்தது. மொனிகா அலியின் 'பிரிக் லேன்' நாவலின் பெயரை டீச்சர் சொன்னதுமே, "அந்தப் புத்தகத்தில நம்மட பொம்பிளைகள மோசமாக் காட்டி இருக்காமே டீச்சர்" என்றாள் என் அருகிலிருந்த தோழி. நான் பலமாகத் தலையாட்டினேன். டீச்சர் எங்களைப் பார்த்து, "நீங்க ரெண்டு பேரும் வாசிச்சீங்களா?" என்று மட்டும் கேட்டார். நாங்கள் இருவருமே வாசித்திருக்கவில்லை. அந்த வெட்கத்தில்தான் ராத்தாவின் தோழியிடம் புத்தகத்தை இரவல் வாங்கினேன்.

2003ஆம் ஆண்டு வெளிவந்து, அவ்வாண்டின் புக்கர் பரிசுக்கான குறும்பட்டியலில் இடம்பெற்ற நாவல் அது. மொனிகா அலி டாக்காவில் பிறந்து இங்கிலாந்தில் வளர்ந்தவர். கதையின் நாயகி நஸ்னீன், வங்காளக் கிராமமொன்றிலிருந்து பதினெட்டு வயதில் மணமுடித்து லண்டனுக்கு வருகிறாள். கணவர் சானு அவளைவிட மிகவும் மூத்தவர். அவளுக்குத் தெரிந்த ஆங்கிலம் இரண்டொரு சொற்கள்தான். மாடிக் குடியிருப்பின் அறைக்குள் தொடங்கும் அவள் வாழ்க்கை, பிள்ளை பெற்று, பிள்ளையை இழந்து, கூலிக்குத் தைத்து, மெல்ல மெல்லக் கதவுக்கு வெளியே வருகிறது. இடையில் அவள் பெரும் பிழையொன்றும் செய்கிறாள். கணவரல்லாத ஒருவனுடன் உறவு கொள்கிறாள். அதன் குற்றவுணர்வில் நோயாகி விழுகிறாள். நாவல் அதை மெச்சவுமில்லை, அவள்மீது கல்லெறியவுமில்லை. ஒரு மனுஷி எப்படி அந்த இடத்துக்கு வந்து சேர்ந்தாள் என்பதைக் காட்டுகிறது. வாசித்து முடித்தபோது எனக்கு அவள்மீது கோபம் வரவில்லை. வாசிக்காமல் தலையாட்டிய என்மீதுதான் வந்தது.

இந்நாவல் லண்டனில் எதிர்ப்பைச் சந்தித்தது. பிரிக் லேன் பகுதியில் வாழும் வங்காளிகளில் பெரும்பாலோர் சில்ஹெட்டிலிருந்து வந்தவர்கள். தங்களைப் படிப்பறிவற்றவர்களாக நாவல் இழிவுபடுத்துகிறது என்று அவர்களில் ஒரு சாரார் முறையிட்டனர். 2006இல் அது திரைப்படமாக்கப்பட்டபோது ஊர்வலமும் நடந்தது. படப்பிடிப்பை வேறிடத்துக்கு மாற்ற வேண்டியதாயிற்று. ஆனால் அந்த இழிசொற்களை நாவலில் பேசுபவர் யார்? சானு. அந்தச் சானு எப்படிப்பட்டவர்? தான் பெற்ற சான்றிதழ்களையெல்லாம் சட்டமிட்டுப் பெருமைப்படுபவர். சைக்கிள் ஓட்டத் தெரியும் என்பதற்கும் அவரிடம் ஒரு சான்றிதழ் உண்டு. கடைசிவரை கிடைக்காத பதவி உயர்வுக்காகக் காத்திருந்து, அந்த வலியை மறைக்க மற்றவர்களைத் தாழ்த்திப் பேசுகிறார். ஒரு பாத்திரத்தின் வாய்ச்சொல்லை ஆசிரியரின் தீர்ப்பாக எடுத்துக்கொண்டால் உலகில் ஒரு நாவலும் மிஞ்சாது.

"அப்படியென்றால் நம்மை நல்லவர்களாகக் காட்டும் நாவலே இல்லையா?" என்று நீங்கள் கேட்கலாம். லைலா அபூலெலாவின் 'மினாரெட்' பலருக்கு அப்படித் தோன்றும். அவர் சூடானில் வளர்ந்து ஸ்கொட்லாந்தில் குடியேறியவர். 2005இல் வந்த இந்நாவலின் நஜ்வா, கார்ட்டூமில் செல்வாக்கான குடும்பத்தில் பிறந்தவள். ஆட்சி கவிழ்ந்து தந்தை தூக்கிலிடப்பட, லண்டனில் ஒரு பணக்கார அரபு வீட்டில் பணிப்பெண்ணாகிறாள். எல்லாம் இழந்தபின் பள்ளிவாசலில் அவளுக்கு அமைதி கிடைக்கிறது. ஹிஜாபை விரும்பி அணிகிறாள். அந்தப் பக்கங்களை வாசித்தபோது என் மனம் குளிர்ந்தது உண்மை. ஆனால் இதுவும் சான்றிதழ் அல்ல. தொழுகைக்குத் திரும்பிய நஜ்வாவும் தடுமாறுகிறாள். தன்னைவிட மிக இளையவனான எசமானியின் தம்பிமீது அவளுக்கு மனம் செல்கிறது. அவனை விட்டு விலகுவதற்கு அவனுடைய தாயிடம் பணம் பெறுகிறாள். ஈமான் வந்தபின்னும் மனம் மனமாகவே இருக்கிறது என்ற உண்மையால்தான் நஜ்வாவை நம்ப முடிகிறது. அவளைக் குறையில்லாதவளாக எழுதியிருந்தால் இரண்டு நாளில் மறந்திருப்பேன்.

மூன்றாவது நாவல் கமிலா ஷம்ஸியின் 'ஹோம் ஃபயர்'. கராச்சியில் பிறந்த ஷம்ஸி, பண்டைய கிரேக்க நாடகமான 'அன்டிகனி'யின் கதையை இன்றைய லண்டனுக்குக் கொண்டுவந்து 2017இல் எழுதியது. அடுத்த ஆண்டு பெண்களுக்கான புனைகதைப் பரிசையும் வென்றது. அதன் முதல் காட்சியை என்னால் மறக்க முடியவில்லை. மேற்படிப்புக்காக அமெரிக்கா புறப்படும் இஸ்மா என்ற ஹிஜாப் அணிந்த பெண் லண்டன் விமான நிலையத்தில் விசாரிக்கப்படுகிறாள். மகாராணியைப் பற்றி, ஜனநாயகத்தைப் பற்றி, தொலைக்காட்சியில் வரும் கேக் செய்யும் போட்டியைப் பற்றிக்கூட அபிப்பிராயம் கேட்கிறார்கள். இப்படிக் கேட்பார்கள் என்று தெரிந்து, வீட்டில் தங்கையை அதிகாரியாக இருத்தி விடைகளை ஒத்திகை பார்த்துவிட்டு வந்திருக்கிறாள் அவள். குர்ஆனையும் குடும்பப் படங்களையும் பெட்டியில் வைக்கவில்லை. இத்தனை கவனமாக இருந்தும் விமானம் அவளை விட்டுவிட்டுப் போய்விடுகிறது.

இந்தக் காட்சிதான் என் கண்ணைத் திறந்தது. நீ நல்லவள்தானா, காட்டு என்று ஓயாமல் கேட்கப்படும்போது ஒருத்தி எவ்வளவு சிறுத்துப் போகிறாள்! அந்த அதிகாரி இஸ்மாவிடம் கேட்டதைத்தான் நாம் நஸ்னீனிடம் கேட்கிறோம். அவர் நம்மைச் சந்தேகித்துக் கேட்டார். நாம் மானத்துக்கு அஞ்சிக் கேட்கிறோம். கேட்கப்படுபவளுக்கு இரண்டும் ஒன்றே. ஒத்திகை பார்த்த விடைகளை மட்டுமே அவள் சொல்லலாம்.

ஊர்வலம் போனவர்களின் மனவருத்தத்தை நான் இலேசாக எண்ணவில்லை. கடையின் அலுமாரியில் நம்மைப் பற்றி ஒரே ஒரு புத்தகம் இருந்தால், அதிலுள்ள ஒருத்தியின் தலையில் எல்லோருடைய பாரமும் ஏறத்தான் செய்யும். பிற மதத்தவர் அவளைப் பார்த்து நம் எல்லோரையும் எடைபோடுவார்கள் என்ற அச்சமும் பொய்யல்ல. ஆனால் அதற்கு மருந்து அந்த ஒரு புத்தகத்தை எடுத்துவிடுவதல்ல. அதன் பக்கத்தில் இன்னும் பத்துப் புத்தகங்களை வைப்பது. நஸ்னீனுக்குப் பக்கத்தில் நஜ்வாவும் இஸ்மாவும் வந்து நின்றபோது, முஸ்லிம் பெண் என்றால் இப்படித்தான் என்று யாரும் சொல்லிவிட முடியாத நிலை வந்தது. அந்த மூவரையும் எழுதியவர்கள் பெண்களே.

முடிக்குமுன் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். இரண்டு வருடங்களுக்கு முன் இதே சஞ்சிகைக்காக நான் ஒரு சிறுகதை எழுதினேன். கணவர் வெளிநாடு போய்த் திரும்பாத ஒரு சாச்சி, இரவிரவாக அபாயா தைத்துப் பிள்ளைகளைப் படிப்பிக்கிறாள். ஒருநாள் எல்லார்மீதும் கோபப்பட்டு மெஷினைத் தூக்கி முற்றத்தில் போடுகிறாள். அதை வாசித்த ஒருவர், "நம்மட ஆக்கள இப்படிக் காட்டலாமா மகள்? சாச்சிய பொறுமைசாலியா எழுதுங்களேன்" என்றார். நான் அந்தக் காட்சியை வெட்டினேன். சாச்சி பொறுமைசாலியானாள். கதை செத்துப்போனது. பிறகு கிழித்தெறிந்துவிட்டேன்.

இப்போது அதைத் திரும்பவும் எழுதிக்கொண்டிருக்கிறேன். மெஷின் மறுபடி முற்றத்தில் கிடக்கிறது. அடுத்தநாள் காலையில் சாச்சி அதைத் துடைத்து உள்ளே கொண்டுவருகிறாளா இல்லையா என்பது எனக்கே இன்னும் தெரியவில்லை.