காற்றுக்குக் காவல் எங்கே?

2020 ஆம் ஆண்டு டிசெம்பர் 16 ஆம் நாள் இலண்டன் மாநகரின் மரண விசாரணை மன்றம் ஒன்று அளித்த தீர்ப்பைச் சட்டம் கற்றோரும் வைத்தியம் கற்றோரும் மட்டுமன்றி, மூச்சு விடும் மாந்தர் யாவருமே அறிந்திருத்தல் வேண்டும். எலா அடூ-கிஸ்ஸி-டெப்ரா என்னும் ஒன்பது வயதுச் சிறுமி 2013 ஆம் ஆண்டு பெப்ரவரியில் ஆஸ்துமா என்னும் தொய்வு நோயினால் மாண்டாள். அவளுடைய மரணத்துக்குரிய காரணங்களுள் ஒன்று காற்றின் மாசு எனப் பெயர் சுட்டி எழுதினார் விசாரணை அதிகாரி பிலிப் பார்லோ. பிரித்தானியாவில் ஒரு தனி உயிரின் மரணக் காரணத்தில் இவ்வாறு எழுதப்பட்டது அதுவே முதன்முறை.

அச்சிறுமியின் இல்லம், ஓயாது வாகனங்கள் ஓடும் பெருவீதி ஒன்றின் அண்மையில் இருந்தது. இறப்பதற்கு முந்திய மூன்று ஆண்டுகளில் இருபதுக்கும் மேற்பட்ட தடவை அவள் வைத்தியசாலையில் அனுமதிக்கப்பட்டாள். 2014 இல் நடந்த முதல் விசாரணை, மூச்சு நின்றது என்று கூறியதேயன்றி, அவள் மூச்சிலே கலந்தது யாதென்று கேட்கவில்லை. தாய் ஓய்ந்திருக்கவில்லை. 2019 இல் மேல் நீதிமன்றம் முதல் முடிவை நீக்கி, மறு விசாரணைக்குக் கட்டளையிட்டது.

அவ்வழக்கின் போக்கை மாற்றியது யாது? தாயின் கண்ணீரா? கண்ணீருக்கு இரங்கும் மன்றங்கள் உண்டு. ஆனால் தீர்ப்புக்குச் சான்று வேண்டும். அவள் வீட்டிலிருந்து ஏறத்தாழ ஒரு மைல் தொலைவில் காற்றை அளக்கும் நிலையம் ஒன்று இருந்தது. நைதரசனீரொட்சைட்டு என்னும் நச்சுவாயு சட்டம் விதித்த எல்லையை ஆண்டுக்கணக்காக மீறி நின்றதை அதன் பதிவேடு காட்டியது. பேராசிரியர் ஸ்டீபன் ஹோல்கேற் அப்பதிவுகளையும் சிறுமி வைத்தியசாலைக்கு எடுத்துச் செல்லப்பட்ட நாள்களையும் அருகருகே வைத்து ஆராய்ந்து, இரண்டிற்கும் உள்ள தொடர்பை எடுத்துரைத்தார். அரசு மாசைக் குறைக்கத் தவறியது. ஆபத்தைத் தாய்க்கு எவரும் அறிவிக்கவில்லை. இவ்விரண்டு குறைகளையும் மன்றம் பதிவு செய்தது. அளவு இருந்தமையால் வழக்கு நின்றது. அளவு இல்லாதிருப்பின் அது விதியின் செயல் என்று முடிந்திருக்கும்!

நைதரசனீரொட்சைட்டு என்பது யாது? நாம் உள்ளிழுக்கும் காற்றில் ஏறத்தாழ ஐந்தில் நான்கு பங்கு நைதரசன். அது எவருக்கும் தீங்கு செய்யாத சாதுவான வாயு. ஆயின் மோட்டார் இயந்திரத்தின் உள்ளும், அனல் மின் நிலையத்தின் உலையிலும் எழும் கடும் வெப்பத்தில் அது ஒட்சிசனோடு சேர்கிறது. அவ்வாறு பிறக்கும் வாயு வெளிக்காற்றில் மேலும் ஒட்சிசனேறி நைதரசனீரொட்சைட்டு ஆகிறது. செறிந்த நிலையில் செங்கபில நிறமும் காரநெடியும் உடையது. வீதியிலே கலந்திருக்கும் சிறு அளவிலோ கண்ணுக்குத் தெரியாது, மூக்குக்கும் பெரிதும் புலப்படாது. நீரில் எளிதிற் கரையாமையால் தொண்டையில் தங்காது சுவாசப்பையின் ஆழம் வரை செல்லும், சுவாசக் குழாய்களை அழற்சியுறச் செய்யும், தொய்வைக் கிளப்பும், நோய்க்கிருமிகளை எதிர்க்கும் வலிமையைக் குன்றச் செய்யும். வளரும் பிள்ளைகளே அதற்கு முதற் பலி.

அதற்குத் துணைவரும் உளர். கந்தகம் மிகுந்த நிலக்கரியும் எண்ணெயும் எரியும்போது எழும் கந்தகவீரொட்சைட்டு, தொய்வு நோயாளரின் மூச்சுக் குழாயைச் சில நிமிடங்களிலேயே இறுக்கவல்லது. 1952 டிசெம்பரில் இலண்டனை ஐந்து நாள் மூடிய புகைமூட்டம் ஆயிரக்கணக்கானோரைக் கொன்றதும் இவ்வாயுவும் கரிப்புகையும் கூடியதனாலேயே. 1956 ஆம் ஆண்டின் தூய காற்றுச் சட்டம் பிறந்தது அச்சாவுகளின் பின்னரே. காபனோரொட்சைட்டு நிறமும் மணமும் அற்றது. குருதியில் ஒட்சிசனின் இடத்தைத் தான் பற்றிக்கொள்ளும். மூடிய அறையில் மின்பிறப்பாக்கியை ஓட்டுவோரை உறக்கத்திலேயே கொல்லும்.

இது பட்டினத்தாரின் கவலை, தோட்டம் செய்யும் எமக்கு இதில் என்ன என்று கமக்காரர் எண்ணுதல் கூடாது. நைதரசனின் ஒட்சைட்டுகளும் எரிபொருள் ஆவியும் வெயிலிற் கூடும்போது, நிலத்தை ஒட்டிய காற்றிலே ஓசோன் உண்டாகிறது. வானின் உச்சியில் எம்மைக் காக்கும் அவ்வாயு, மூச்சிலே புகுந்தால் சுவாசப்பையைப் புண்படுத்தும். காற்றோடு பல மைல் சென்று, இலையின் நுண்துளை வழியே புகுந்து பயிரையும் வாட்டும். 1950 களில் அமெரிக்காவின் கிழக்கு மாநிலங்களிலே புகையிலை இலைகள் காரணம் தெரியாது புள்ளி விழுந்து பாழாயின. பூச்சியும் அன்று, பூஞ்சணமும் அன்று, ஓசோனே காரணம் என்று 1959 இல் ஆய்வாளர் வெளிப்படுத்தினர். புகையிலையின் இலை ஒவ்வொன்றையும் கண்ணாற் பார்த்துப் பக்குவம் பண்ணும் யாழ்ப்பாணத்துக் கமக்காரனுக்கு இதன் பொருளை நாம் விளக்க வேண்டுவதில்லை.

சட்டம் எழுதிவிட்டால் காற்றுத் தூய்மையாகிவிடுமா? ஐரோப்பாவில் இவ்வாயுவுக்கு விதிக்கப்பட்ட எல்லை, ஒரு கனமீற்றர் காற்றில் ஆண்டுச் சராசரி 40 மைக்கிரோகிராம். 2010 முதல் அது கட்டாயம். பிரித்தானிய அரசு அதனை நிறைவேற்றவில்லை. குடிமக்களின் அமைப்பொன்று வழக்காடியதன் பேரில், 2015 இல் அந்நாட்டு உயர் நீதிமன்றம் புதிய திட்டம் வகுக்குமாறு அரசுக்குக் கட்டளையிட்டது. அதே ஆண்டில் வொக்ஸ்வாகன் நிறுவனத்தின் டீசல் வண்டிகள், பரிசோதனை நடக்கும்போது மட்டும் நச்சைக் குறைத்துக் காட்டும் சூழ்ச்சியோடு உலகெங்கும் ஏறத்தாழ ஒரு கோடியே பத்து இலட்சம் விற்கப்பட்டிருந்தமை வெளியாயிற்று. எல்லையை மீறும் அரசும் உண்டு. அளவையே ஏமாற்றும் வணிகமும் உண்டு. காவல் விழித்திராவிடில் சட்டம் வெறுங் காகிதமே.

எமது தீவின் நிலை என்ன? 1980 ஆம் ஆண்டின் 47 ஆம் இலக்கத் தேசிய சுற்றாடல் சட்டம் உண்டு. அதன் கீழ் 2008 இல் வெளியான வர்த்தமானி, நைதரசனீரொட்சைட்டுக்கு 24 மணி நேரச் சராசரியாக 100 மைக்கிரோகிராம் என எல்லை வகுத்தது. ஆண்டுச் சராசரிக்கு எல்லை வகுக்கவில்லை. உலக சுகாதார நிறுவனமோ 2021 இல், 24 மணி நேரத்துக்கு 25, ஆண்டுக்கு 10 எனத் தன் வழிகாட்டி அளவுகளை இறுக்கியது. 2008 இல் தொடங்கிய வாகனப் புகைப் பரிசோதனை, பெற்றோல் வண்டிகளில் காபனோரொட்சைட்டையும் ஐதரோகாபன்களையும், டீசல் வண்டிகளில் புகையின் அடர்த்தியையும் அளக்கவே அமைக்கப்பட்டது. கரும்புகை கக்கும் வண்டி அகப்படும். கண்ணுக்குத் தெரியாத நஞ்சைக் கக்கும் வண்டி நற்சான்றுடன் வெளியேறும்!

அரசியலமைப்பின் 27(14) ஆம் உறுப்புரை சுற்றாடலைப் பாதுகாத்தல் அரசின் பொறுப்பு என்கிறது. 29 ஆம் உறுப்புரையோ, அப்பொறுப்பை நீதிமன்றில் நேரே வலியுறுத்த முடியாது என்கிறது. ஒரு கையாற் கொடுத்து மறு கையாற் பறித்தலன்றோ இது? ஆயினும் வழி முற்றாக அடைபடவில்லை. சுன்னாகத்தில் மின் நிலையத்து எண்ணெய் நிலத்தடி நீரிற் கலந்த வழக்கிலே, 2019 இல் எமது உயர் நீதிமன்றம் மக்களுக்கு நட்டஈடு வழங்கப் பணித்தது. அங்கே கிணற்று நீரை அள்ளிச் சோதித்துச் சான்றாக வைக்க முடிந்தது. நேற்றைய காற்றை இன்று எவரால் அள்ள முடியும்? அன்றன்று அளந்து எழுதாத காற்று, சான்று இல்லாத வழக்கு.

ஆகவே நாம் கேட்பன மூன்று. பெருவீதிகள், பாடசாலைகள், மின் நிலையங்கள் ஆகியவற்றின் அருகே காற்றை இடையறாது அளக்கும் நிலையங்கள் வேண்டும்; அவற்றின் கணக்குகள் நாள்தோறும் தமிழிலும் சிங்களத்திலும் மக்கள் முன் வைக்கப்படல் வேண்டும். 2008 ஆம் ஆண்டின் எல்லைகள் திருத்தப்பட்டு, ஆண்டுச் சராசரிக்கும் எல்லை வகுக்கப்படல் வேண்டும். வாகனப் பரிசோதனையில் நைதரசனின் ஒட்சைட்டுகளும் அளக்கப்படல் வேண்டும்.

அரசு செய்யட்டும் என்று நாம் கைகட்டி இருத்தலும் ஆகாது. தொய்வோடு வரும் பிள்ளை எந்த வீதியருகே வாழ்கிறது என்று வைத்தியர் குறித்து வைக்கட்டும். அக்குறிப்பை மன்றில் எடுத்துரைக்கச் சட்டத்தரணிகள் ஆயத்தமாகட்டும். தோட்டத்தில் இலை வாடிய நாளைக் கமக்காரர் எழுதி வைக்கட்டும். இலண்டனில் ஒரு தாய் தன் மகளை இழந்து ஏழாண்டுகளின் பின்னரே உண்மையைப் பதியச் செய்தாள். அத்தகைய தாய் ஒருத்தி எம்மிடையே தோன்றும்வரை நாம் காத்திருக்க வேண்டுமா?