துக்கத்துக்கு எதற்கு வசனம்?

நம் படங்களின் சாவுக் காட்சிகளில் இப்போது வசனம் குறைந்துவிட்டது. அந்த இடத்தை மழையும் ஸ்லோமோஷனும் வயலினும் பிடித்துக்கொண்டன. பேச்சு நின்றதே தவிர, 'இங்கே அழுங்கள்' என்று உத்தரவிடுவது நிற்கவில்லை. சொல்லற்ற காட்சிக்கு வலுத் தருவது அமைதி அல்ல. பார்ப்பவருக்கு முன்பே தெரிந்துவிட்ட ஏதோ ஒன்று.

சத்யஜித் ராயின் முதல் படமான 'பதேர் பாஞ்சாலி'யை (1955) எடுத்துக்கொள்வோம். பிழைப்புத் தேடிப் போன ஹரிஹர் ஊர் திரும்பி, வாங்கிவந்த பொருள்களை மனைவி சர்வஜயாவிடம் ஒவ்வொன்றாகக் காட்டுகிறார். மகள் துர்கா இறந்தது நமக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. மகளுக்கென வாங்கிய சேலையை நீட்டுகிறார். அதுவரை இறுகிக் கிடந்த சர்வஜயா சேலையைப் பற்களால் கவ்வியபடி உடைகிறாள். அவள் கதறுகிறாள், நமக்குக் கேட்பதோ தார்ஷெனாய் வாத்தியத்தின் உச்ச ஸ்தாயி. ரவிசங்கரின் இசை இங்கே அழுகைக்குத் துணையாக வரவில்லை, அழுகையாகவே வருகிறது.

அந்த வீட்டைக் காலி செய்யும்போது, தம்பி அப்புவின் கையில் ஒரு பாசிமணி மாலை அகப்படுகிறது. அதைத் திருடியதாகப் பழி வந்தபோது துர்கா மறுத்தாள். அம்மாவிடம் அடியும் வாங்கினாள். அப்பு யாரிடமும் சொல்லாமல் மாலையைக் குளத்தில் எறிகிறான். விலகிய பாசி மெல்ல மூடிக்கொள்கிறது. அக்காவின் மானம் காப்பாற்றப்பட்டதும், அவள் இனி இல்லை என்பதும் ஒரே ஷாட்டில் வந்துவிடுகின்றன. முன்னால் அந்தச் சண்டைக் காட்சி இல்லையென்றால், இது வெறும் குளம்.

காதல் பிரிவுக்கும் இதே கணக்குதான். சிங்கீதம் சீனிவாச ராவின் 'பேசும் படம்' (1987) முழுக்க வசனமே இல்லை. கமல்ஹாசனும் அமலாவும் சைகையிலேயே காதலிக்கிறார்கள். பிரியும்போது அவள் தரும் முகவரிச் சீட்டு காற்றில் பறந்து சாக்கடையில் விழுகிறது. மறுபடி சந்திக்க அதைவிட்டால் வேறு வழியில்லை என்பது நமக்குத் தெரியும். அதனால்தான் ஒரு துண்டுக் காகிதம் நெஞ்சைப் பிசைகிறது.

இன்று எடிட்டிங் மேசையில் முதலில் கத்தரி விழுவது இப்படிப்பட்ட முன்கதைக் காட்சிகள்மீதுதான். 'லேக்' என்று பெயர் சூட்டிவிடுகிறார்கள். பிறகு கிளைமாக்ஸில் கண்ணீர் வரவில்லையே என்று பின்னணி இசையைக் கூட்டுகிறார்கள். முதல் போடாமல் வட்டி கேட்டால் எப்படிக் கிடைக்கும்?