அறிவுப் பொருளாதாரத்தில் தோட்டத் தொழிலாளியின் பங்கு எங்கே?

ஒவ்வோர் ஆண்டும் எஸ்.பி.எம். முடிவுகள் வெளிவந்த சில வாரங்களுக்கு நமது சமுதாயத்தில் ஒரே பேச்சுதான். 10 ஏ எடுத்த பிள்ளைக்கு மெட்ரிகுலேஷன் இடம் கிடைத்ததா, இல்லையா? தலைவர்கள் அறிக்கை விடுவார்கள். அமைச்சரைச் சந்தித்துப் படம் எடுத்துக் கொள்வார்கள். மேல்முறையீட்டுப் பாரங்கள் பறக்கும். 2012-இல் இந்திய மாணவர்களுக்கு 1,500 இடங்கள் என்று அறிவிப்பு வந்தது. 2019-இல் மொத்த இடங்களை 25,000-லிருந்து 40,000-ஆக உயர்த்தினார்கள். 90-க்கு 10 என்ற விகிதாச்சாரத்தில் மட்டும் கை வைக்கவில்லை. 2024-இல், 10 ஏ-வும் அதற்கு மேலும் பெற்றவர்களுக்கு இன வேறுபாடின்றி இடம் உண்டு என்று பிரதமர் அன்வார் இப்ராஹிம் அறிவித்தார். நல்லது, வரவேற்போம். அந்த வாக்குறுதி ஒவ்வோர் ஆண்டும் காப்பாற்றப்படுகிறதா என்று கண்காணிக்கவும் வேண்டும்.

ஆனால் ஒரு கேள்வியை நாம் கேட்பதே இல்லை. 10 ஏ எடுக்காத நமது பிள்ளைகள் எங்கே போனார்கள்? அவர்களுக்கும் இந்த நாட்டின் 'அறிவுப் பொருளாதாரத்தில்' இடம் உண்டா?

என் அக்கா மகன் சிம்பாங் பூலாய் வட்டாரத்தில் ஒரு கல்பொடி ஆலையில் வேலை செய்கிறான். வடக்கு-தெற்கு நெடுஞ்சாலையில் இந்தப் பக்கம் வந்தவர்கள் பார்த்திருப்பீர்கள். பாதி மலை பசுமையாக நிற்கும், மீதிப் பாதி வெட்டிய கேக் போல வெள்ளையாக இருக்கும். அந்தச் சுண்ணாம்புக்கல் உடைபட்டு, அரைபட்டு, மாவை விட மென்மையான பொடியாகிக் காகிதத்துக்கும் சாயத்துக்கும் பிளாஸ்டிக்குக்கும் போகிறது. எஸ்.பி.எம்.-மில் சுமாரான தேர்ச்சியோடு வேலைக்குப் போனவன் அவன். 11 ஆண்டுகள் ஆகிவிட்டன. அரைவை இயந்திரத்தின் சத்தம் மாறினால், எங்கே தேய்மானம் என்று சொல்லிவிடுவான். பொடியை விரலிடுக்கில் தேய்த்து, இது தேறுமா தேறாதா என்று சொல்வான். பரிசோதனைக்கூடத்து முடிவு பிறகுதான் வரும். புதிதாக வரும் பட்டதாரிப் பொறியியலாளர்கள் முதல் ஆறு மாதம் இவனிடம்தான் கற்றுக்கொள்கிறார்கள். சம்பளச் சீட்டில் இவன் பதவி என்ன தெரியுமா? 'பெக்கர்ஜா ஆம்'. பொதுத் தொழிலாளி!

இந்தக் கதை எனக்குப் புதிதல்ல. என் அம்மா கோப்பெங் பக்கம் ஒரு தோட்டத்தில் 20 ஆண்டுகளுக்கு மேல் பால்மரம் சீவியவர். விடியுமுன் பெரட்டுக்குப் போய், தலைவிளக்கோடு நிரைக்குள் நுழைந்தால் 500 மரம், சில நாள் அதற்கும் மேல். பட்டையை ஒரு மில்லிமீட்டர், மிஞ்சினால் ஒன்றரை மில்லிமீட்டர் கனத்துக்குத்தான் சீவ வேண்டும். ஆழம் குறைந்தால் பால் வராது. கூடினால் உளி உட்சவ்வில் பட்டு மரத்தில் காயம் விழும். அந்த இடத்தில் பட்டை முண்டும் முடிச்சுமாகத்தான் மீண்டும் வளரும். வெயில் ஏறுவதற்கு முன் ஏன் சீவ வேண்டும், மழைக்குப் பின் எந்த மரத்தை விட்டுவிட வேண்டும், எந்த மரம் 'களைத்துப்' போயிருக்கிறது என்பதெல்லாம் அம்மாவுக்குக் கைப்பழக்கம். அதே விஷயங்களைப் பின்னாளில் தாவரவியல் புத்தகத்தில் பெரிய பெரிய சொற்களில் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்தது. கொஞ்சம் கோபமும் வந்தது.

ரப்பரின் வரலாறே தொழில்நுட்பப் பரிமாற்றத்தின் வரலாறுதான். 1876-இல் பிரேசில் விதைகள் லண்டன் கியூ பூங்காவுக்குப் போயின. 1877-இல் 22 கன்றுகள் சிங்கப்பூர் வந்தன. அவற்றில் 9 நமது பேராக்கின் கோல கங்சாரில் நடப்பட்டன. மரத்தைக் கொல்லாமல் அதே வெட்டை மீண்டும் மீண்டும் மெல்லச் சீவிப் பால் எடுக்கும் முறையைச் சிங்கப்பூர் தாவரவியல் பூங்காவின் ரிட்லி 1890-களில் வகுத்தார். 1925-இல் ரப்பர் ஆய்வுக் கழகம் சட்டப்படி அமைக்கப்பட்டது. அதற்குப் பணம் எங்கிருந்து வந்தது? ஏற்றுமதியாகும் ரப்பர் மீது விதிக்கப்பட்ட செஸ் வரியிலிருந்து. அந்த ரப்பர் எங்கிருந்து வந்தது? மங்கில் சொட்டிய பாலிலிருந்து. ஆக, ஆய்வுக்குப் படியளந்தவர்களில் என் அம்மாவும் ஒருவர், உங்கள் பாட்டியும் ஒருவர்.

அந்த ஆய்வு வீணாகவில்லை. விதையில் முளைத்த பழைய மரங்கள் ஹெக்டருக்கு ஆண்டுக்கு 500 கிலோ அளவில் தந்தன. ஒட்டுக்கட்டிய புதிய ரகங்கள் அதைப் போல மூன்று மடங்கு, நான்கு மடங்கு தந்தன. அவற்றில் புகழ்பெற்றது ஆர்.ஆர்.ஐ.எம். 600. இன்றும் தாய்லாந்தின் ரப்பர் பரப்பில் பெரும்பகுதி இந்த ரகம்தான். தென் தாய்லாந்துச் சிறுதோட்டக்காரன் அந்த மரத்தைச் சொந்த நிலத்தில் நட்டான். விளைச்சல் பெருகியபோது வருமானம் அவன் வீட்டுக்கு வந்தது. இங்கேயும் சிறுதோட்டக்காரர்களுக்காக 1973-இல் ரிஸ்டா அமைக்கப்பட்டு, கன்றும் உரமும் மறுநடவு மானியமும் போய்ச் சேர்ந்தன. தவறென்று சொல்லவில்லை. தொழில்நுட்பம் நில உரிமையின் வழியேதான் இறங்கியது என்று சொல்கிறேன். நிலமில்லாத தோட்டத் தொழிலாளியிடம் அது இறங்கவில்லை. அவனிடம் வந்ததெல்லாம் தூக்க வேண்டிய வாளியின் கூடுதல் பாரம்தான்.

இன்னொன்றும் வந்தது. 1970-களில் எத்திஃபோன் என்ற பால் ஊக்கி மருந்து பரவியது. பட்டையில் தடவினால் பால் நெடுநேரம் வடியும். ஒருநாள் விட்டு ஒருநாள் சீவிய மரத்தை மூன்று நாளுக்கு, நான்கு நாளுக்கு ஒருமுறை சீவினால் போதும். ஆய்வாளர்களுக்கு அது சாதனை. தோட்ட நிர்வாகத்துக்கு ஆள் குறைப்பு. பிறகு செம்பனை வந்தது. அதன்பின் வீடமைப்பு நிறுவனங்கள் வந்தன. லயத்து வீட்டைக் காலி செய்யச் சொல்லிக் கடிதம் வந்தபோது, உளி பிடித்த கைக்கு நாட்டில் எந்தச் சான்றிதழும் இல்லை!

ஆர்.ஆர்.ஐ.எம். 600-இன் தாய் தந்தை யார் என்று பார்த்தால் கதை இன்னும் சுவாரசியமாகும். ஒன்று ஜாவாவின் ஜிர் 1. மற்றொன்று பி.பி. 86. பி.பி. என்றால் பிராங் புசார், சிலாங்கூரில் இருந்த தோட்டம். அந்தத் தோட்டம் இப்போது எங்கே? அதுதான் புத்ராஜெயா! 1996-இல் மல்டிமீடியா பெருவழித் திட்டம் தொடங்கியபோது, 'அறிவுப் பொருளாதாரத்தின்' காட்சிக்கூடமாக உருவான நிர்வாகத் தலைநகர், ஒரு காலத்தில் உலகத்துக்கே ரப்பர் ரகம் பெருக்கித் தந்த மண்ணின் மீது நிற்கிறது. அந்த மண்ணில் உழைத்த பிராங் புசார், காலவே, செட்ஜ்லி, மேடிங்லி தோட்டத்துக் குடும்பங்கள் டிங்கில் தாமான் பெர்மாத்தா அடுக்குமாடிகளுக்கு மாற்றப்பட்டு, விரிசல் கண்ட சுவர்களுக்கு நடுவே, முறையான வீடு கேட்டுப் பல ஆண்டுகள் போராடினார்கள். அறிவு அங்கேயே இருந்தது. அறிவுக்கு உழைத்தவன்தான் வெளியே அனுப்பப்பட்டான்.

பி.சி. சேகரை மறந்துவிட்டாயா என்று சிலர் கேட்பார்கள். மறக்கவில்லை. 1929-இல் சுங்கை பூலோவில் பிறந்து, 1966-இல் ரப்பர் ஆய்வுக் கழகத்தின் முதல் ஆசிய இயக்குநராகி, மலேசிய ரப்பரைத் தரக்குறியீட்டோடு விற்கும் முறைக்கு வழிவகுத்து, 1973-இல் மக்சேசே விருது பெற்றவர். நமக்கெல்லாம் பெருமை. ஆனால் ஒரு சேகரைக் காட்டி ஓராயிரம் பேரின் கணக்கை முடித்துவிடக் கூடாது. 10 ஏ பிள்ளையைக் காட்டி மற்றவர்களை மறப்பதும் இதே தவறுதான்.

இனி இன்றைய நிலைமைக்கு வருவோம். 2002-இல் அறிவுப் பொருளாதாரப் பெருந்திட்டத்தை அரசாங்கம் வெளியிட்டது. 2006-இல் நான்கு அரசாங்கப் பல்கலைக்கழகங்கள் ஆய்வுப் பல்கலைக்கழகங்களாக அறிவிக்கப்பட்டன. 2009-இல், அரசாங்கப் பணத்தில் நடக்கும் ஆய்வின் கண்டுபிடிப்புகளை வணிகமாக்கும் கொள்கை வந்தது. அமெரிக்கா 1980-இல் பேய்-டோல் சட்டத்தின் மூலம் தன் பல்கலைக்கழகங்களுக்குத் திறந்த அதே பாதை. பல்கலைக்கழகத்துக்குப் பங்கு, கண்டுபிடித்த ஆய்வாளருக்குப் பங்கு, தொழிற்சாலைக்கு உரிமம். 1925-இல் நிலம் செய்த வேலையை இப்போது காப்புரிமைப் பத்திரம் செய்கிறது. ஆலைக்குள் இயந்திரத்தின் காதோடு காதாக வாழ்பவனுக்கு இந்தக் காகிதத்தில் ஒரு வரியும் இல்லை.

நம் வட்டாரத்தில் கல்வி நிலையங்களுக்குப் பஞ்சமில்லை. கோப்பெங்கில் பேராக் மெட்ரிகுலேஷன் கல்லூரி. கம்பாரில் 2007 முதல் யூ.டி.ஏ.ஆர். ஸ்ரீ இஸ்கந்தரில் பெட்ரோனாஸ் தொழில்நுட்பப் பல்கலைக்கழகம். ஈப்போவில் 1969-இல் தொடங்கிய உங்கு ஒமார் பொலிடெக்னிக், நாட்டின் முதல் பொலிடெக்னிக். கனிமவளத் துறையின் ஆய்வு மையமும் ஈப்போவில்தான். சிம்பாங் பூலாயிலிருந்து இவை எல்லாமே காரில் ஒரு மணி நேரத்துக்குள். ஆனால் கல்குவாரியில் நிற்கும் நம் பையனுக்கு இவை சந்திர மண்டலம்!

அப்படி இருக்கத் தேவையில்லை என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன். 2006-ஆம் ஆண்டின் தேசியத் திறன் மேம்பாட்டுச் சட்டத்தின் கீழ், வகுப்பறைக்கே போகாமல் அனுபவத்தை மதிப்பிட்டு மலேசியத் திறன் சான்றிதழ் தரும் வழி ஒன்று உண்டு. பி.பி.டி. என்பார்கள்; முன்பெற்ற திறனை அங்கீகரிப்பது. செய்த வேலைக்கான சான்றுகளைக் கோப்பாகத் தொகுத்துக் கொடுக்க வேண்டும். மதிப்பீட்டாளர் வந்து பார்ப்பார். பல்கலைக்கழகத்துக்கும் கதவு உண்டு. மலேசியத் தகுதி முகமையின் ஏப்பெல் திட்டத்தில், 21 வயது நிரம்பி, தொடர்புடைய வேலை அனுபவம் உள்ளவர், மதிப்பீட்டில் தேறினால் இளங்கலைப் படிப்புக்கு விண்ணப்பிக்கலாம். இதையெல்லாம் நம் இயக்கத்தின் எத்தனை கூட்டங்களில் பேசியிருக்கிறோம்? நெஞ்சைத் தொட்டுச் சொல்லுங்கள்.

பணமில்லை என்ற சாக்கும் செல்லாது. 10 மலேசியத் தொழிலாளர்களுக்குக் குறையாமல் வைத்திருக்கும் முதலாளிகள், சம்பளத்தில் 1 விழுக்காட்டை மனிதவள மேம்பாட்டு லெவியாகச் செலுத்த வேண்டும். 2021-இல் இது ஏறக்குறைய எல்லாத் துறைகளுக்கும் விரிவாக்கப்பட்டது. அது தொழிலாளர் பயிற்சிக்கான பணம். உன் ஆலை செலுத்திய லெவியில் யாருக்குப் பயிற்சி நடந்தது, அலுவலகத்துக்கா, இயந்திரத்தடிக்கா என்று கேட்க நம் பையனுக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டும். தனியாகக் கேட்டால் வேலை போகும் என்ற பயம் நியாயமானது. அதனால்தான் பத்துப் பேராகக் கேட்க வேண்டும். அதற்குத் தொழிற்சங்கம் வேண்டும், இயக்கமும் வேண்டும்.

மெட்ரிகுலேஷன் இடங்களின் எண்ணிக்கையை அரசாங்கம் இன வாரியாக, மாநில வாரியாக ஒவ்வோர் ஆண்டும் வெளியிட வேண்டும் என்ற கோரிக்கையில் மாற்றமில்லை. அதோடு இன்னொரு கோரிக்கையும் சேரட்டும். அரசாங்க மானியத்தில் ஒரு பல்கலைக்கழகம் ஓர் ஆலையோடு ஆய்வு ஒப்பந்தம் போட்டால், அந்த ஆலைத் தொழிலாளர்களில் எத்தனை பேருக்கு அதே பல்கலைக்கழகமோ பொலிடெக்னிக்கோ சான்றிதழ் வழி அமைத்துத் தரும் என்பதும் அந்த ஒப்பந்தத்தில் எழுதப்பட வேண்டும். பேராக் சட்டமன்றத்தில் நம்மவர்கள் இருக்கிறார்கள். ஆளும் தரப்போ எதிர்த்தரப்போ, யாராவது ஒருவர் இதைக் கேள்வியாக எழுப்பட்டும்.

அக்கா மகன் கோப்பு தயாரிக்கத் தொடங்கிவிட்டான். 11 ஆண்டுச் சம்பளச் சீட்டுகளை அக்கா பிஸ்கட் டின்னில் பத்திரமாக வைத்திருந்தார். இயந்திரத்தைப் பிரித்துப் பூட்டும் படங்களைக் கைப்பேசியில் எடுத்து வைத்திருக்கிறான். அவன் செய்யும் வேலை இன்னதென்று மேலாளர் கையெழுத்திட்டுத் தர வேண்டிய ஒரு கடிதம் மட்டும் பாக்கி. மூன்று முறை கேட்டாயிற்று. அடுத்த வாரம் வரச் சொல்லியிருக்கிறார்கள்.