எழுதாமல் விட்ட வாக்கியம்

ஆளவந்தார் கொலை வழக்கை இந்த வாரம் ஒரு தொலைக்காட்சியில் போட்டார்கள். நம் திண்டிவனம் வழியாகப் போன வழக்காயிற்றே என்று ஆவலோடு உட்கார்ந்தேன். 1952 ஆகஸ்டில் எழும்பூரிலிருந்து கிளம்பிய போட் மெயிலில், ஆளவந்தாரின் தலையில்லாத உடல் டிரங்குப் பெட்டிக்குள் கிடந்தபடி திண்டிவனம், விழுப்புரமெல்லாம் தாண்டிப் போய் மானாமதுரையில் பிடிபட்டது. தலை ராயபுரம் கடற்கரை மணலில் கிடைத்தது.

எரிச்சல் மூட்டியது பின்னணிக் குரல். கதவு சாத்தப்பட்டபோது குற்றம்சாட்டப்பட்ட பெண்ணின் மனதில் என்ன ஓடியது, உடன் குற்றம்சாட்டப்பட்ட அவர் கணவர் என்ன முடிவெடுத்தார் என்றெல்லாம் கூடவே நின்று பார்த்தவர் போலச் சொல்கிறார். நீதிபதி ஏ.எஸ். பஞ்சாபகேச ஐயர் கணவருக்கு 7 ஆண்டும் மனைவிக்கு 3 ஆண்டும் சிறை கொடுத்தார். ஏன் தூக்கு இல்லை என்பதுதான் அந்த வழக்கில் பேச வேண்டிய விஷயம். அதை ஒரே மூச்சில் தாண்டிவிட்டார்கள்.

இந்தப் பத்தியை வாரம் தவறாமல் படிப்பவர்களுக்கு இந்தக் குரல்மீது எனக்குள்ள கோபம் பழசு. 2019 மே மாதம் நம் காவேரிப்பாக்கத்தில் ஏசி வெடித்து மூன்று பேர் இறந்தார்கள் என்று டிவியில் அடித்துச் சொன்னார்கள். கொலை என்று போலீஸ் சொன்னதும், கொஞ்சமும் குரல் குறையாமல் அதையும் அடித்துச் சொன்னார்கள்.

சொல்லாததைச் சேர்ப்பதும் சொன்னதை விடுவதும் டிவியில் நடந்தால் எரிச்சலோடு போய்விடும். காவல்துறைக் காகிதத்தில் நடந்தால்? 2013இல் வந்த ‘உயிர்வலி’ ஆவணப்படத்தை இன்னும் பார்க்காதவர்கள் தயவுசெய்து பாருங்கள். ராஜீவ் காந்தி கொலை வழக்கில் பேரறிவாளனின் வாக்குமூலத்தைப் பதிவுசெய்த சிபிஐ எஸ்.பி. தியாகராஜன் அதில் பேசுகிறார். 1991இல் கைதானபோது பேரறிவாளனுக்கு 19 வயது. வெடிகுண்டுக்கு 9 வோல்ட் பேட்டரி வாங்கிக் கொடுத்தார் என்பது அவர்மேல் இருந்த முக்கியமான குற்றச்சாட்டு. வாங்கியதை ஒப்புக்கொண்டவர், அது எதற்கென்று தனக்குத் தெரியாது என்றும் சொல்லியிருக்கிறார். அதைத் தான் எழுதவில்லை என்கிறார் தியாகராஜன். எழுதியிருந்தால் அது ஒப்புதல் வாக்குமூலமாக நின்றிருக்காது, அதனால் அதை விட்டுவிட்டுத் தன் புரிதலைச் சேர்த்தேன் என்று சொல்லி, அதற்காக வருந்துகிறார்.

திண்டிவனம் கோர்ட்டு வாசலில் டைப் அடிக்கும் பெரியவர் ஒருவரிடம் இதைச் சொன்னேன். அடித்த தாளை உருவி, வரிக்கு வரி விரலை வைத்துப் பார்த்துக்கொண்டே பேசினார். “சாதாரண அஃபிடவிட்டுங்க சார். அதுல ‘தெரியாது’ன்னு ஒண்ணு விட்டுப்போனாலே கட்சிக்காரர் கையெழுத்துப் போடமாட்டாரு. மறுபடி அடிக்கச் சொல்லுவாரு.”

போலீஸிடம் கொடுத்த ஒப்புதல் சாதாரண வழக்குகளில் சாட்சியமாகவே செல்லாது. பயங்கரவாதத் தடுப்புக்கான தடா சட்டத்தின் 15ஆம் பிரிவு, எஸ்.பி. அந்தஸ்துள்ளவர் பதிவுசெய்தால் செல்லும் என்றது. 1998 ஜனவரி 28 அன்று பூந்தமல்லி தனி நீதிமன்றம் ராஜீவ் வழக்கில் குற்றம்சாட்டப்பட்ட 26 பேருக்கும் தூக்கு விதித்தது. 1999இல் உச்ச நீதிமன்றம் தடா குற்றச்சாட்டே இந்த வழக்குக்குப் பொருந்தாது என்று சொல்லிவிட்டு, தடாவில் வாங்கிய வாக்குமூலம் மட்டும் செல்லும் என்றது. நால்வரின் தூக்கு உறுதியானது. அவர்களில் பேரறிவாளனும் ஒருவர். இதை எத்தனை முறை படித்தாலும் எனக்கு மனம் ஆறுவதில்லை.

2011 செப்டம்பர் 9 என்று தூக்குக்கு நாளே குறித்துவிட்டார்கள். சென்னை உயர் நீதிமன்றம் ஆகஸ்ட் 30 அன்று தடை போட்டிராவிட்டால், தியாகராஜன் வருந்தியபோது அதைக் கேட்க அந்தப் பிள்ளை இருந்திருக்க மாட்டார். 2014இல் தூக்கு ஆயுளானது. கருணை மனுவை 11 ஆண்டு கிடப்பில் போட்டது அதற்குக் காரணம். 2022 மே 18 அன்று விடுதலை. அவரை விடுவிக்கச் சொன்ன தமிழக அமைச்சரவையின் பரிந்துரைமீது ஆளுநர் முடிவெடுக்காமல் இழுத்தது அதற்குக் காரணம். விட்டுப்போன வாக்கியத்தை வைத்து யாரும் அவரை விடவில்லை. தாமதம்தான் காப்பாற்றியது.

இப்படி வாக்கியம் விட்டுப்போகாமலிருக்க வழி ஒன்று உண்டு. மாஜிஸ்திரேட் முன் கொடுக்கும் ஒப்புதல் வாக்குமூலத்தை வழக்கறிஞரை வைத்துக்கொண்டு ஒலி, ஒளியாகவும் பதிவு செய்யலாம் என்று 2009லேயே குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் சேர்த்தார்கள். அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்திலும் அது ‘செய்யலாம்’ என்ற அளவில்தான் நிற்கிறது. மரண தண்டனையே கூடாது என்பது என் கட்சி. அது ஒழியும்வரை, உயிர் போகக்கூடிய வழக்குகளிலாவது இந்தப் பதிவைக் கட்டாயமாக்க வேண்டும். நம் தொகுதி எம்.பி. இதை நாடாளுமன்றத்தில் எழுப்பினால் நன்றாக இருக்கும்.