வைத்தியருக்கு எதற்கு ஊர்வம்பு?

"டாக்டர் வேலை மருந்து கொடுப்பது. மதம், சமுதாயம், சடங்கு, சம்பிரதாயம் இதெல்லாம் அவருக்கு எதற்குங்க? வந்தோமா, நாடியைப் பிடித்தோமா, சூரணத்தை மடித்துக் கொடுத்தோமா என்று இருக்க வேண்டியதுதானே!"

இப்படிச் சொல்கிறவர்கள் நிறையப் பேர். என் சக வைத்தியர்களிலேயே உண்டு. எனக்கு இதில் உடன்பாடு கிடையாது. ஏன் என்று சொல்வதற்கு, எகிப்து நாட்டு டாக்டரம்மா ஒருவரைப் பற்றி உங்களிடம் பேச வேண்டும். விஷயம் கொஞ்சம் கசப்பானது. ஆனால், வீட்டில் பெண் குழந்தை இருப்பவர்கள் அவசியம் படியுங்கள்.

அவர் பெயர் நவால் எல் சாதாவி. 1931-ல் கஃபர் தஹ்லா என்ற கிராமத்தில் பிறந்தவர். 1955-ல் கெய்ரோவில் டாக்டர் பட்டம் வாங்கினார். பட்டணத்தில் போர்டு மாட்டிக்கொள்ளாமல், பிறந்த கிராமத்துக்கே திரும்பிப்போய் வைத்தியம் பார்த்தார். பிற்பாடு அரசாங்க சுகாதாரத் துறையில் பெரிய பதவிக்கும் வந்தார்.

கிராமத்தில் அவரிடம் வந்த நோயாளிகளில் சின்னஞ்சிறு பெண் குழந்தைகள் உண்டு. ரத்தப் போக்கு நிற்காமலும், சீழ் வைத்தும் வந்த குழந்தைகள். காரணம், அங்கே பெண் குழந்தைகளுக்குச் செய்யும் ஒரு சடங்கு. பிறப்புறுப்பின் ஒரு பகுதியை அறுத்து எடுத்துவிடுவது. அதற்கு அந்த ஊரில் 'தஹாரா' என்று பெயர். 'சுத்தம்' என்று அர்த்தமாம். பெயரைப் பாருங்கள்!

அந்தக் கத்தி அவரையும் விட்டுவைக்கவில்லை. ஆறு வயதில் தனக்கு நடந்ததை 1977-ல் எழுதிய புத்தகத்தில் ஒளிவு மறைவில்லாமல் சொல்லியிருக்கிறார்.

ஆண் குழந்தைகளுக்குச் செய்யும் சுன்னத்தோடு இதைச் சேர்த்துப் பேசாதீர்கள். அதில் மேல்தோல் மட்டும் போகிறது. இது உறுப்பையே சிதைக்கிற காரியம். உடனே வரக்கூடியவை ரத்தப்போக்கு, புண் புரையோடுதல், சிறுநீர் கழிக்க முடியாத வேதனை. வருஷங்கள் கழித்து வருபவை தாம்பத்தியத்தில் வலி, பிரசவத்தில் சிக்கல், மனசில் ஆறாத பயம். சரி, லாபம் என்ன? உடம்புக்கு ஒரு லாபமும் கிடையாது. உலக சுகாதார நிறுவனமும் இதையேதான் சொல்கிறது.

உடனே, "பார்த்தீர்களா, அந்த மதமே இப்படித்தான்" என்று சிலர் ஆரம்பித்துவிடுவார்கள். அவசரப்படாதீர்கள். குர்ஆனில் இதைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது. எகிப்தில் இதை முஸ்லிம்கள் மட்டும் செய்யவில்லை. அங்குள்ள காப்டிக் கிறிஸ்தவர்களும் செய்துவந்தார்கள். இஸ்லாம் பிறப்பதற்கு முன்பே அந்த மண்ணில் இருந்த வழக்கம் இது. முஸ்லிம்கள் நிறைந்த துருக்கியில் இந்த வழக்கம் இல்லை. மார்க்க அறிஞர்களுக்குள் கருத்து வேறுபாடு இருந்தது உண்மை. 1990-களில்கூட கெய்ரோவின் அல் அஸ்ஹர் அறிஞர்களில் ஆதரித்தவரும் இருந்தார், ஆதாரம் பலவீனமானது என்றவரும் இருந்தார். ஆனால் 2007-ல் அல் அஸ்ஹரின் ஆய்வுக் குழு, இதற்கு மார்க்கத்தில் அடிப்படை கிடையாது என்று தெளிவாக அறிவித்துவிட்டது.

சாதாவி இதை 1972-லேயே, ஒரு டாக்டராக, புத்தகம் போட்டுச் சொன்னார். கிடைத்த பரிசு? அரசாங்க வேலை போயிற்று. அவர் ஆசிரியராக இருந்த ஆரோக்கியப் பத்திரிகையும் மூடப்பட்டது. 1981-ல் ஜனாதிபதி சதாத் அவரைப் பிடித்துச் சிறையில் போட்டார். சிறையிலே பேனா கிடையாது, காகிதம் கிடையாது. புருவம் தீட்டும் பென்சிலால் கழிவறைக் காகிதத்தில் எழுதினார் மனுஷி! 1990-களில் தீவிரவாதிகளின் கொலைப் பட்டியலில் அவர் பெயர் ஏறியது. சில வருஷம் அமெரிக்காவில் போய் இருந்தார். 2001-ல் அவர் மதத்தை விட்டு விலகிவிட்டார் என்று சொல்லி, கணவரிடமிருந்து பிரித்துவிடக் கேட்டு ஒருவர் வழக்குப் போட்டார். கோர்ட் அதைத் தள்ளுபடி செய்தது. 2021 மார்ச்சில், 89-ம் வயதில், கெய்ரோவிலேயே காலமானார்.

அவர் பேசிய எல்லாமே எனக்குச் சம்மதமா என்றால், இல்லை. முகத்திரை, ஹஜ் போன்ற விஷயங்களில் அவர் பேசிய தோரணை, நம்பிக்கையுள்ள சாதாரண ஜனங்களின் மனசைப் புண்படுத்தியது. அந்தக் கோபத்தில் அவர் சொன்ன நல்லதையும் பலர் காதில் வாங்கவில்லை. நோயாளியைத் திட்டிக்கொண்டே மருந்து கொடுத்தால் மருந்து இறங்குமா? ஆனால் அந்தக் காயங்களைப் பற்றி அவர் சொன்னதை யாராலும் மறுக்க முடியாது. அது அபிப்பிராயம் அல்ல, கண்ணால் பார்த்த சாட்சி.

இனிமேல் சொல்லப்போவதுதான் முக்கியம். சாதாவி மாதிரி சிலர் பேசினார்கள். மற்ற டாக்டர்கள் என்ன செய்தார்கள்?

'மருத்துவச்சியிடம் போனால் புண் புரையோடும்' என்பது ஜனங்களுக்குப் புரிந்தது. "அப்படியானால் டாக்டரிடமே போய்விடுவோம்" என்று முடிவு கட்டினார்கள். டாக்டர்களும் கை நீட்டிக் காசு வாங்கிக்கொண்டு கத்தியை எடுத்தார்கள்! 2014-ல் எகிப்தில் எடுத்த கணக்கெடுப்பைப் பாருங்கள். இந்தக் கொடுமைக்கு ஆளான சின்னப் பெண்களில், நான்கில் மூன்று பேருக்கு மேல் அதைச் செய்தவர்கள் மருத்துவம் படித்தவர்கள். 2007-ல் 12 வயதுச் சிறுமி ஒருத்தி ஒரு கிளினிக்கில் இறந்தாள். நாடே கொதித்தது. அதற்கடுத்த வருஷம், 2008-ல்தான் இதைக் குற்றமாக்கும் சட்டம் வந்தது. ஒரு டாக்டருக்கு முதன்முதலாகச் சிறைத் தண்டனை கிடைத்தது 2015-ல்.

ஆகவே, வைத்தியர் வாயை மூடிக்கொண்டிருந்தால் அவர் நடுநிலையாளர் என்று நினைக்காதீர்கள். 'டாக்டரே செய்கிறார், அப்புறம் என்ன?' என்று அந்த வழக்கத்துக்கு அவரே முத்திரை குத்திக் கொடுத்துவிடுகிறார். சுத்தமான கத்தி, மயக்க ஊசி, வெள்ளைக் கோட்டு... எல்லாம் சரி. அறுப்பது அறுப்பதுதானே!

பேசினதால் ஏதாவது பலன் உண்டா என்று கேட்பீர்கள். உண்டு, மெதுவாக. அதே எகிப்தில் 15 முதல் 17 வயதுப் பெண்களில் 2008-ல் 74 சதவீதம் பேருக்கு இது நடந்திருந்தது. 2014-ல் 61 சதவீதம். இன்னும் அதிகம்தான். ஆனாலும் இறங்கியிருக்கிறது. டாக்டரும், மார்க்க அறிஞரும், சட்டமும், வீட்டில் 'என் மகளுக்கு வேண்டாம்' என்று சொன்ன தாயும் சேர்ந்து இழுத்ததால் இறங்கியது. ஒருவர் கையால் நகர்கிற தேர் அல்ல இது.

இது எங்கோ ஆப்பிரிக்காவில் நடப்பது, நமக்கென்ன என்று இருந்துவிட வேண்டாம். இந்தியாவிலும் தாவூதி போரா சமூகத்தில் 'கத்னா' என்ற பெயரில் இது இருக்கிறது. அந்தச் சமூகத்துப் பெண்களே முன்வந்து பேசினார்கள். 2017-ல் விஷயம் உச்ச நீதிமன்றம் வரை போனது. இலங்கையிலும் முஸ்லிம் குடும்பங்கள் சிலவற்றில் உண்டு. டாக்டர்கள் இதைச் செய்யக்கூடாது என்று 2018-ல் அந்நாட்டுச் சுகாதார அமைச்சே சுற்றறிக்கை அனுப்பியது.

எங்கள் சித்த வைத்தியத்தில் ரணத்தை ஆற்ற மத்தன் தைலம் இருக்கிறது. ரணத்தை உண்டாக்குகிற கையைத் தடுக்க எந்தத் தைலமும் கிடையாது. அதற்கு வாயைத் திறந்து பேசத்தான் வேண்டும்.

எங்கள் பக்கத்துக் கணக்கையும் சொல்லிவிடுகிறேன். மாந்தம் என்று பச்சைக் குழந்தை வயிற்றில் சூடு போட்டுத் தூக்கி வருகிறார்கள். சீம்பாலைப் பீய்ச்சிக் கொட்டிவிட்டு, சர்க்கரைத் தண்ணீரைச் சேனையாக வைக்கிறார்கள். கேட்டால், "இதெல்லாம் நம்ம நாட்டு வைத்தியம்தானுங்களே" என்று பதில் வருகிறது! அங்கே வழக்கம் மார்க்கத்தின் சட்டையைப் போட்டுக்கொண்டு நிற்கிறது. இங்கே வைத்தியத்தின் சட்டையைப் போட்டுக்கொண்டு நிற்கிறது. அந்தச் சட்டையைக் கழற்ற வேண்டியது யார்? அங்கே மார்க்கம் கற்றவர். இங்கே என் போன்ற சித்த வைத்தியர். வெளியாள் வந்து கழற்றினால் ஜனங்கள் சண்டைக்குத்தான் வருவார்கள்.

இதைப் படிக்கிற தாய்மார்களுக்கு ஒன்று சொல்கிறேன். 'காலங்காலமா செய்றதுதானே' என்று யாராவது உங்கள் குழந்தையின் உடம்பில் கை வைக்க வந்தால், தயங்காமல் இரண்டு கேள்வி கேளுங்கள். இதனால் பிள்ளை உடம்புக்கு என்ன நன்மை? நம் வேதமோ, நம் வைத்தியமோ இதை உண்மையிலேயே சொல்லியிருக்கிறதா? இரண்டுக்கும் நேரான பதில் வராவிட்டால் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்துவிடுங்கள். மாமியார் கோபித்துக்கொண்டால் பரவாயில்லை, நாலு நாளில் சரியாகிவிடும். குழந்தைக்குப் பட்ட காயம் அப்படிச் சரியாகாது.

வைத்தியருக்கு எதற்கு ஊர்வம்பு என்கிறீர்களே, ஊரில் பாதி நோய் அந்த ஊர்வம்பிலிருந்துதான் வருகிறது. அதைச் சொல்லாமல் மருந்தை மட்டும் மடித்துக் கொடுத்தால், பாதி வைத்தியம்தான் பார்த்த மாதிரி.