மாநகரோடு இணைந்த மலையூர்: சாக்குமா இழந்தது என்ன?

ஜப்பானின் ஷிசுவோகா மாநிலத்தில், தென்ரியு ஆற்றங்கரையில் உள்ள மலையூர் சாக்குமா. 2005 ஜூலை 1ஆம் தேதி அது தனி நிர்வாகத்தை இழந்தது. சுற்றுவட்டாரத்தின் வேறு 10 ஊர்களோடு சேர்த்து, சுசுகி வாகன நிறுவனத்தின் தலைமையகம் அமைந்துள்ள ஹமாமட்சு மாநகருடன் அது இணைக்கப்பட்டது.

சாக்குமா சாதாரண ஊரல்ல. போருக்குப் பிந்திய ஜப்பானின் மீட்சிக்கு அடையாளமாகப் பேசப்பட்ட சாக்குமா அணை 1956இல் அங்குதான் கட்டி முடிக்கப்பட்டது. அதே ஆண்டில்தான் நான்கு சிற்றூர்கள் சேர்ந்து சாக்குமா நகராகின. அணை வேலை முடிந்ததும் தொழிலாளர்கள் வெளியேறினர். பின்னர் இளையோரும் வேலை தேடி நகரங்களுக்குச் சென்றனர்.

1999 முதல் ஊர்களை இணைக்கும் திட்டத்தை ஜப்பானிய அரசு தீவிரப்படுத்தியது. இணைந்த ஊர்கள் அப்போது சிறப்புக் கடன் பெற முடிந்தது. அதில் 70 விழுக்காட்டை மத்திய அரசு ஈடுசெய்வதாக ஏற்பாடு இருந்தது. மறுபுறம் மானியம் குறைந்ததால் சிறிய ஊர்கள் நெருக்கடிக்கு உள்ளாயின. 1999இல் 3,232ஆக இருந்த உள்ளாட்சிகள் 2010 மார்ச் இறுதியில் 1,727ஆகக் குறைந்தன.

இணைப்பால் சாக்குமாவுக்கு மாநகரின் நிதிபலம் கிடைத்தது. ஆனால் சொந்த மேயரும் மன்றமும் போயின. உள்ளூர்க் குரலைக் காக்க ஏற்படுத்தப்பட்ட வட்டாரத் தன்னாட்சி அமைப்பும் 2012இல் கலைக்கப்பட்டது.

இன்று சாக்குமா அடங்கிய தென்ரியு வட்டம் மாநகரின் நிலப்பரப்பில் ஏறத்தாழ 60 விழுக்காடு. மக்கள்தொகையிலோ அதன் பங்கு 4 விழுக்காட்டுக்கும் குறைவு. 2024இல் ஹமாமட்சு தனது ஏழு வட்டங்களை மூன்றாகக் குறைத்தபோது தென்ரியு தனி வட்டமாகவே நீடித்தது. ஆனால் வட்டத் தலைவர் மக்கள் தேர்ந்தெடுப்பவர் அல்லர். மாநகர மேயரால் நியமிக்கப்படுபவர்.

புகுஷிமா மாநிலத்தின் யாமாட்சுரி வேறு வழியில் சென்றது. இணையப் போவதில்லை என்று 2001இல் அறிவித்த அச்சிறுநகர், மன்ற உறுப்பினர் எண்ணிக்கையைக் குறைத்துச் சிக்கனம் பிடித்தது. 2008இல் உறுப்பினர்களின் மாதச் சம்பளத்தை நிறுத்தி, கூட்ட நாளுக்கு மட்டும் படி வழங்கத் தொடங்கியது.

அங்கும் மக்கள்தொகை குறைகிறது. ஆக, இணைந்தாலும் தனித்திருந்தாலும் ஊர் வெறுமையாவது நிற்கவில்லை. பள்ளியை மூடுவதா, பேருந்தை நிறுத்துவதா என்று முடிவெடுப்பது யார் என்பதில்தான் வேறுபாடு. யாமாட்சுரியில் அந்த முடிவை ஊர் மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்தவர்கள் எடுக்கிறார்கள். சாக்குமாவுக்கோ, பெரும்பாலும் சமவெளி வாக்குகளால் அமைந்த மன்றம் முடிவெடுக்கிறது.